அம்மாவின் முகம் ஒட்டிய சுவர்கள்

கொழும்பில் விளம்பரக் கம்பெனியில் வேலை கிடைத்திருக்கிறது என்று சொன்னபோது எங்கள் லயத்து வரிசை வீடுகளில் ஒருவருக்கும் அது என்ன வேலை என்று விளங்கவில்லை. "தமுக்கு அடிக்கிற வேலையாடி?" என்று கேட்டாள் அம்மா. ஏறக்குறைய அதுதான் என்றேன். "அதுக்கா இவ்வளவு படிச்ச?" என்று சொல்லிவிட்டுக் கூடையை எடுத்துக்கொண்டு மலைக்குப் போய்விட்டாள். தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது. வட்டகொடை ஸ்டேஷனிலிருந்து குறுக்குப் பாதையில் இறங்கினால் எங்கள் தேயிலைத் தோட்டம். அங்கிருந்து அந்த மாதிரிக் கம்பெனிக்குள் போன முதல் பெண் நான்தான். மலையகத்திலிருந்தே முதல் பெண் என்று பின்னால் சொன்னார்கள். அன்றைக்கு அது பெருமையாகவெல்லாம் இல்லை. பயமாகத்தான் இருந்தது.

எதற்குப் பயம் என்று கேட்டால் எதற்குத்தான் இல்லை என்று சொல்வேன். யுத்த காலம். அடையாள அட்டையில் தமிழ்ப் பெயர். தெருவுக்குத் தெரு சோதனைச் சாவடி. தங்கியிருந்த வீட்டுக்கார அம்மா என்னைப் பொலிசில் பதிந்துவிட்டு வந்து, "எதுக்கும் ராவுல வெளிய போகாத" என்றார். ஆபீசுக்குள் போனால் அங்கே வேறு பயம். வாயைத் திறந்தால் "வாங்க, போங்க, இருக்காங்க" என்று வரும், உடனே நாலு பேர் திரும்பிப் பார்ப்பார்கள். தோட்டத்துப் பிள்ளை என்று தெரிந்துவிடும். நிறத்தைச் சொல்லவே வேண்டாம். நான் நல்ல கறுப்பு. கறுப்பென்றால் மாநிறம் என்று பூசி மெழுகுகிற கறுப்பு கிடையாது. அடுப்புக் கரிக்கும் எனக்கும் பந்தயம் வைக்கலாம். வரவேற்பு மேசையில் இருந்த பெண் முதல் மாதம் முழுக்க என்னைத் தேத்தண்ணி கொண்டுவரும் ஆளாகத்தான் நினைத்துக்கொண்டிருந்தாள்.

என் வேலை மொழிபெயர்ப்பு. சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் யாரோ யோசித்த வசனத்தைத் தமிழில் போட்டுக் கொடுக்க வேண்டும். எனக்கு மேலே இருந்தவர் யாழ்ப்பாணத்துக்காரர், நல்ல மனிதர். நான் எழுதியதைக் கண்ணாடியைத் தூக்கிவிட்டுப் பார்த்து, "வசனம் நல்லாயிருக்கு பிள்ளை, கொஞ்சம் கதைக்கிற மாதிரி இருக்கு, அவ்வளவுதான்" என்பார். அதையே குறையாகவும் சொல்வார், நிறையாகவும் சொல்வார். சொந்தமாக ஒரு யோசனை சொல்ல எனக்கு மூன்று வருஷம் வாய் வரவில்லை.

வந்தது ஒரு தேயிலை விளம்பரத்தில். மலைப்பக்கத்து டவுன்களில் விற்பதற்காக ஒரு கம்பெனி புதிதாகத் தேயிலைப் பாக்கெட் போட்டிருந்தது. அவர்களுடைய ஆட்கள் வந்து உட்கார்ந்தார்கள். மேசையில் ஒரு பெண்ணின் படம். பால் நிறம், காதோரம் ரோஜாப்பூ, இடுப்பில் சின்னக் கூடை. கொழுந்து பறிக்கிற பெண்ணாம். எனக்குச் சும்மா இருக்கிற சுபாவமும் இல்லை, பேசுகிற துணிச்சலும் இல்லை. இரண்டுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டு பையைத் துழாவினேன். கடைசியில் பைக்குள்ளிருந்து அம்மாவின் படத்தை எடுத்து மேசையில் வைத்தேன். தீபாவளிக்கு ஊருக்குப் போனபோது ஆபீஸ் கேமராவில் எடுத்தது. தலையில் கூடைக் கயிறு, நெற்றியில் அதன் தழும்பு, நேராகப் பார்க்கிற பார்வை.

வந்தவர்களில் ஒருவர் படத்தை விரலால் தள்ளிவிட்டார். இவ்வளவு கறுப்பு முகம் அச்சில் வெறும் திட்டாகத்தான் விழும் என்றார். "நானும் இதே கறுப்புதான். இங்கேயிருந்து உங்களுக்கு என் முகம் தெரிகிறதா இல்லையா?" என்று கேட்டுவிட்டேன். கேட்ட பிறகுதான் என்ன சொன்னோம் என்று உறைத்தது. வேலை போயிற்று என்றே நினைத்தேன். எங்கள் முதலாளி சிரித்தார். அவர் சிரித்ததால் மற்றவர்களும் சிரித்தார்கள். அம்மாவின் முகம் தேறிவிட்டது.

விளம்பரத் தொழிலில் ஒரு பழைய தந்திரம் உண்டு. முதல் வாரம் சாமானின் பெயரைச் சொல்லாமல் ஒரு படத்தை மட்டும் சுவரெல்லாம் ஒட்டுவார்கள். யார் இது, எதற்கு இது என்று ஜனங்கள் பேச வேண்டும். அடுத்த வாரம் அதே படத்தைப் பாக்கெட்டோடு ஒட்டினால் எல்லோர் கண்ணும் அங்கேதான் போகும். அப்படியே செய்வதென்று முடிவாயிற்று. படத்தை அமைத்த சிங்களப் பையன் அம்மாவின் முகத்தைக் கறுப்பு வெள்ளையில் பெரிதாகப் போட்டு, அழகாக இருக்கட்டும் என்று சுற்றிலும் மெல்லிய கறுப்புக் கோடு இழுத்தான். கீழே வைக்க ஒரு வரி வேண்டும். நான் எழுதினேன்: "இவரை ஒரு நிமிடம் நினையுங்கள்." யாழ்ப்பாணத்துக்காரர் படித்துவிட்டு, "அருமை பிள்ளை, அப்படியே விடுங்கோ" என்றார். அவர் ஊரில் மரண அறிவித்தல் பத்திரிகையில் வரும். நான் தோட்டத்தில் இருந்த காலத்தில் எழவு சொல்ல ஆள்தான் நடந்து போவான். டவுன் சுவர்களில் செத்தவர் படம் போட்டு நோட்டீஸ் ஒட்டுகிற பழக்கம் நான் கொழும்புக்கு வந்த பிறகு பரவியது. லீவுக்குப் போகும்போது பார்த்திருக்கிறேன். அந்த மேசையில் இருந்தபோது அது என் நினைப்பிலேயே இல்லை.

போஸ்டர் ஒட்டிய மறுநாள் காலை ஆபீசுக்கு எனக்கு ஒரு போன் வந்தது. என் தாய்மாமா, அம்மாவின் தம்பி. லிந்துலையில் தையல் கடை வைத்திருந்தார். கோபக்காரர்.

"ஏம்புள்ள, பெரிய எடத்துல வேல கெடச்சா தாய்மாமன் கண்ணுக்குத் தெரிய மாட்டானா? எங்கக்கா செத்தத நான் தலவாக்கலை செவுத்துல பாத்துத்தான் தெரிஞ்சுக்கணுமா?"

எனக்குக் காது அடைத்துவிட்டது. அம்மாவுக்கு இழுப்பு உண்டு. மழை பிடித்தால் மூச்சு வாங்கும். அதற்கு முந்தின வாரம்தான் நுவரெலியா ஆஸ்பத்திரியில் இரண்டு நாள் இருந்து திரும்பியிருந்தாள்.

"எப்ப மாமா?" என்றேன்.

"என்னையவா கேக்குற? நோட்டீசு அடிச்சது நீயி. தப்புக்காரங்களுக்குச் சொல்லியாச்சு, பூண்டுலோயாவுக்கும் ஆள் போயிருச்சு. நாங்க கெளம்பிட்டோம். பெத்த மக, நீ மெதுவா வா."

போனை வைத்துவிட்டார். நோட்டீஸ் என்ற சொல் அதற்குப் பிறகுதான் எனக்குள் இறங்கியது. என் மேசைக்கு எதிரே சுவரில் அதே போஸ்டர் ஒட்டியிருந்தது. கறுப்புக் கோடு, கறுப்பு வெள்ளை முகம், பெயரில்லை, சாமானில்லை, இவரை நினையுங்கள். அட பாவி மகளே என்று தலையில் அடித்துக்கொண்டேன். அம்மா சாகவில்லை, இது என் போஸ்டர். அந்த ஆறுதல் ஒரு வாய்த் தண்ணி குடிக்கிற நேரம்கூட நிற்கவில்லை. மாமா தப்பு மேளத்தோடு லயத்துக்குப் போய்க்கொண்டிருக்கிறார். நெஞ்சில் இழுப்போடு இருக்கிறவள் வாசலில் அவளுக்கே ஒப்பாரி வைத்தால் தாங்குவாளா? தோட்டத்து ஆபீசுக்குப் போன் போட்டேன். மணி அடித்துக்கொண்டே இருந்தது, யாரும் எடுக்கவில்லை. அழுகைச் சத்தம் போய்ச் சேருவதற்கு முன்னால் நான் போய்ச் சேர வேண்டும், அவ்வளவுதான் தெரிந்தது. மாமாவுக்கு விளக்கிக் காட்ட வேண்டுமென்று சுவரிலிருந்த போஸ்டரைக் கிழியாமல் எடுத்துச் சுருட்டிப் பைக்குள் செருகிக்கொண்டு ஓடினேன்.

கொழும்புக் கோட்டை ஸ்டேஷன் வாசலில் சோதனை. அடையாள அட்டையைப் பார்த்த இராணுவக்காரன் என்னையும் பார்த்தான், பைக்குள் நீட்டிக்கொண்டிருந்த சுருளையும் பார்த்தான். பிரிக்கச் சொன்னான். தமிழ் எழுத்து, பெயர் இல்லாத ஒரு முகம். அந்தக் காலத்தில் அப்படி ஒரு காகிதத்தோடு பிடிபட்டவர்கள் எங்கே போனார்கள் என்று எனக்குத் தெரியும். எங்கள் தோட்டத்திலேயே இரண்டு பேர் அப்படிப் போயிருந்தார்கள்.

"மே கவுத?" என்றான். யார் இது என்று கேட்கிறான்.

"மகே அம்மா," என்றேன். என் அம்மா.

அவன் கறுப்புக் கோட்டை விரலால் தடவினான். முகம் மாறிவிட்டது. "மெரிலாத?" என்றான் மெதுவாக. செத்துப்போயிட்டாங்களா?

இல்லை என்றால் அப்புறம் இது என்ன, எதற்கு, யார் அச்சடித்தது என்று கேள்வி வரும். ரயில் போய்விடும். ஆமாம் என்று சொல்ல நாக்கு எழவில்லை. பெற்றவளை என் வாயால் எப்படிச் சாகடிப்பது? தலை மட்டும் ஆடியது. ஆட்டியது நானா, நடுக்கத்தில் அதுவாக ஆடியதா, இன்றுவரை எனக்குத் தெரியாது.

"பவ்," என்றான் அவன். பாவம் என்று அர்த்தம். போஸ்டரை அவனே பக்குவமாகச் சுருட்டிக் கையில் கொடுத்து உள்ளே விட்டான்.

ரயிலில் உட்கார இடம் கிடைத்தும் என்னால் உட்கார முடியவில்லை. தலையாட்டினேனே, தலையாட்டினேனே என்று அதுவே ஓடியது. ஊரில் சொல்வார்கள், வீட்டில் பல்லி உச்சுக் கொட்டும் நேரத்தில் கெட்ட பேச்சுப் பேசக்கூடாது, பலித்துவிடும் என்று. அன்றைக்கு எந்த வீட்டில் எந்தப் பல்லி இருந்ததோ. படித்தவள், கொழும்பில் வேலை பார்ப்பவள், இதையெல்லாம் நம்பலாமா என்று என்னை நானே திட்டிக்கொண்டேன். திட்டியும் பயம் போகவில்லை.

ஹட்டனில் ரயில் கொஞ்ச நேரம் நிற்கும். ஜன்னல் வழியாக வெளியே பார்த்தேன். தெருவோரச் சுவரில் நோட்டீஸ்கள் வரிசையாக இருந்தன. இந்தப் பக்கம் ஒரு பெரியவர், கண்ணீர் அஞ்சலி. அந்தப் பக்கம் ஒரு சின்னப் பெண், முப்பத்தோராம் நாள் நினைவு. நடுவில் என் அம்மா. ஒட்டுகிறவன் வழக்கமாகச் சாவு நோட்டீஸ் ஒட்டுகிறவனாக இருக்க வேண்டும், பழகிய சுவரிலேயே ஒட்டிவிட்டுப் போயிருக்கிறான். போகிற வருகிறவர்கள் நின்று பார்த்தார்கள். ஒரு பொம்பளை கையெடுத்துக் கும்பிட்டுவிட்டுப் போனாள். அம்மா உயிரோடு இருக்கிறாள் என்று ரயிலிலிருந்து கத்தலாம் போல இருந்தது. ஆனால் இருக்கிறாளா என்று எனக்கு எப்படித் தெரியும்? காலையில் அவளை யார் பார்த்தார்கள்? ஒருவேளை நிஜமாகவே ஏதாவது ஆகியிருந்தால்?

வட்டகொடையில் இறங்கிக் குறுக்குப் பாதையில் பாதி தூரம் போயிருப்பேன். கீழே லயத்துப் பக்கமிருந்து தப்புச் சத்தம் கேட்டது. சாவுக்கு அடிக்கிற அடி. தோட்டத்தில் பிறந்தவர்களுக்கு அது தூக்கத்திலும் தெரியும். அதற்குப் பிறகு நான் நடந்ததே நினைவில்லை. தேயிலைச் செடிக்குள் விழுந்து கையெல்லாம் கீறியிருந்தது என்று பிறகுதான் பார்த்தேன்.

லயத்து வாசலில் ஜனம். சுவரோரம் தப்புக்காரர்கள் அடித்துக்கொண்டிருந்தார்கள். மாமா தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு படியில் குந்தியிருந்தார். நான் ஆட்களை விலக்கிக்கொண்டு உள்ளே ஓடினேன். உள்ளே புகை. அடுப்பின் முன்னால், மலையிலிருந்து வந்த கோலத்தில் செடி கீறாமலிருக்க இடுப்பில் கட்டிய படங்குச் சாக்கைக்கூட அவிழ்க்காமல், என் அம்மா தன் எழவுக்கு வந்தவர்களுக்குப் பாலில்லாத சாயத்தண்ணி ஊற்றிக்கொண்டிருந்தாள்.

"வாடி," என்றாள். "ஊரே வந்து அழுதுட்டுப் போயிருச்சு. பெத்த மக நீதான் கடைசி."

நான் அவள் காலைக் கட்டிக்கொண்டு அழுதேன். அப்படி ஓர் அழுகை அதற்கு முன் அழுததில்லை. அவள் என் தலையில் கைவைத்தாள். வைத்த கையை எடுக்கவே இல்லை. அப்போதுதான் அவளும் பயந்திருக்கிறாள் என்று தெரிந்தது.

நடந்ததை மாமா சொன்னார். லயத்து முனையிலேயே தப்பை அடிக்கத் தொடங்கிவிட்டார்களாம். சத்தம் கேட்டு அம்மா மலையிலிருந்து இறங்கி வந்து, "யாரு செத்தது?" என்று மாமாவிடமே கேட்டிருக்கிறாள். மாமா அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டார். "அப்புறம் ஏன் இன்னும் அடிக்கிறாங்க?" என்று கேட்டேன். மூத்த தப்புக்காரர் அடிப்பதை நிறுத்தாமலே பதில் சொன்னார்.

"சாவுக்கு எடுத்த தப்பச் சும்மா கீழ வைக்கக்கூடாது தாயி. மண்ணுக்குள்ள ஒண்ண வச்சாத்தான் வைக்கலாம். இல்லாட்டி அது ஆளத் தேடும். வைக்கோல் பொம்மை செய்யலாம்னு யோசிச்சிக்கிட்டு இருக்கோம்."

மாமாவின் கண் என் பையில் நீட்டிக்கொண்டிருந்த சுருளில் விழுந்தது. "அது என்ன புள்ள?" என்றார்.

போஸ்டரைத்தான் புதைத்தார்கள். வெள்ளைத் துணியில் சுற்றி, முன்னால் தப்பு போக, ஆம்பளைகள் எடுத்துக்கொண்டு போனார்கள். பொம்பளைகள் சுடுகாட்டுக்குப் போவதில்லை. அம்மாவும் நானும் வாசலில் நின்று பார்த்தோம். தேயிலைக்கு நடுவே அந்தச் சின்ன வெள்ளைச் சுருள் ஏறிப் போயிற்று. பக்கத்து வீட்டுக்காரி, "இனி ஒனக்கு ஆயுசு கெட்டி அக்கா" என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். அம்மாவும் சிரித்தாள், சிரித்து முடிவதற்குள் இழுப்பு வந்துவிட்டது.

மறுநாள் காலை நான் புறப்படும்போது என் கையைப் பிடித்துக்கொண்டாள். "ஏன்டி, என் மொகத்த மண்ணுக்குள்ள வச்சிட்டாங்க. ஒண்ணும் ஆகாதில்ல?"

"ஒண்ணும் ஆகாதும்மா. காகிதந்தானே."

"ஆகாட்டியும் ஒண்ணு," என்றாள். பயத்தை மறைக்கக் கிண்டல் செய்வது அவள் வழக்கம். "எல்லாரும் ஒருக்கா வந்து அழுதுட்டாங்க. நெசமா நான் போறப்ப ஒருத்தனும் நம்ப மாட்டான் பாரு."

கொழும்பில் ஆபீசே கொண்டாடிக்கொண்டிருந்தது. மலைப்பக்கமெல்லாம் இதே பேச்சு என்று விற்பனை ஆட்கள் வந்து சொல்லியிருந்தார்கள். நடந்ததை நான் சொன்னபோது முதலாளி மேசையைத் தட்டினார். தப்படித்துப் புதைக்கும் அளவுக்கு ஜனங்கள் ஒரு போஸ்டரை நம்பியிருக்கிறார்கள், இதைவிட என்ன வேண்டும் என்றார். சுவரில் இருப்பவற்றை எடுக்கச் சொல்லுங்கள் என்று கெஞ்சினேன். அடுத்த வாரம் அதன்மேல்தானே பாக்கெட் படம் ஒட்டப் போகிறோம் என்றார். எனக்குச் சம்பளம் உயர்ந்தது. வரவேற்பு மேசைப் பெண் எழுந்து நின்று வணக்கம் சொன்னாள். அடுத்த சில வருஷங்களில் தமிழ்ப் பகுதி முழுக்க என் கைக்கு வந்தது. கறுப்பு முகங்களைத் தேடித் தேடிப் போட்டேன், யாரும் விரலால் தள்ளவில்லை. ஆனால் ஒரு முகத்துக்கும் கறுப்பு ஓரம் வைக்க விடமாட்டேன். ஏன் என்று கேட்ட பையன்களிடம் எரிந்து விழுந்திருக்கிறேன்.

வெளியே பார்த்தால் பெரிய ஆள். ஆபீஸ் போன் அடித்தால் மட்டும் எனக்கு நெஞ்சு ஒரு தரம் நின்று ஓடும். ஊர் எண் என்றால் எடுப்பதற்கு முன் கண்ணை மூடிக்கொள்வேன். மழைக்காலம் வந்தால் அம்மாவின் மூச்சைப் பற்றியே நினைப்பு. கொழும்புக்கு வா என்று எத்தனையோ தடவை கூப்பிட்டேன். "அங்க எனக்கு யாரு இருக்கா, செவுத்துல என் மொகம்கூட இல்ல" என்று சொல்லிவிட்டாள். தோட்டப் பதிவில் பெயர் வெட்டி ஓய்வு கொடுத்த பிறகும் அந்த லயத்தைவிட்டு நகரவில்லை.

இரண்டாயிரத்துக்குப் பிறகு, கையில் செல்போன் வந்துவிட்ட காலம். ஒரு மழைக்கால லீவில் நான் போயிருந்தபோது, விடிந்து, வேலைக்குப் பேர் கொடுக்கிற பெரட்டுக்கு ஆட்கள் கிளம்பிக்கொண்டிருந்த வேளையில், என் மடியிலேயே அம்மாவின் மூச்சு நின்றது. நான் பக்கத்தில் இருந்தேன். அதற்காக எந்தச் சாமிக்கும் நன்றி சொல்வேன். பக்கத்து வீட்டுக்காரர்கள் வந்தார்கள். லயத்து முனையில் வெள்ளைக் கொடி கட்டினார்கள். தப்புக்காரர்கள் வந்து வாசலில் அடிக்கத் தொடங்கினார்கள். நான் முதல் வேலையாக மாமாவுக்குப் போன் போட்டேன். இந்தத் தடவை அவருக்குத்தான் முதலில் சொல்ல வேண்டும்.

"மாமா, அம்மா போயிட்டாங்க."

அந்தப் பக்கம் தையல் மெஷின் நின்றது. பிறகு மாமா சிரிப்பது கேட்டது.

"இந்தத் தடவ எந்தக் கம்பெனி புள்ள?"

"மாமா, நெசமாத்தான் சொல்றேன்."

"போன தடவயும் நெசமாத்தான் இருந்துச்சு. எனக்கும் வயசாயிருச்சு, திரும்பத் திரும்ப ஓடியாந்து தரையில உக்கார முடியாது."

வரி எழுதிப் பிழைத்தவள் நான். ஊரையே நம்ப வைத்தவள். அன்றைக்கு ஒரு மனிதரை நம்ப வைக்க என்னிடம் ஒரு சொல் இல்லை. வாசலுக்குப் போய்ப் போனைத் தப்பின் பக்கம் நீட்டிப் பிடித்தேன். கேட்கட்டும் என்று பிடித்துக்கொண்டே நின்றேன். திரும்பக் காதில் வைத்தபோது மாமாவின் குரலில் சிரிப்புக் குறைந்திருந்தது. பயம் வந்திருந்தது. ஆனாலும் விடவில்லை.

"அதையுந்தான் அன்னைக்கு அடிச்சாங்க," என்றார். "நீ சொன்னா நான் நம்ப மாட்டேன் புள்ள. அக்காகிட்ட போனக் குடு. அது சொல்லட்டும்."

நான் உள்ளே போனேன். அம்மாவைத் தெற்கே தலைவைத்துப் படுக்க வைத்திருந்தார்கள். போனை அவள் காதுக்குப் பக்கத்தில் வைத்தேன். மாமா அந்தப் பக்கமிருந்து, "அக்கா, அக்கா" என்று கூப்பிடத் தொடங்கினார்.